சொன்னது பலித்துவிட்டால் குற்றம் இல்லையா? பில்லி மிட்செல் வழக்கு பற்றி

மே 3, இரவு 9.40. கீழக்கரை வாசகர் ஒருவரின் கேள்வி:

அமெரிக்க ராணுவத்தில் பில்லி மிட்செல் என்று ஒரு அதிகாரி இருந்தார். போர்க்கப்பல் காலம் முடிந்தது, இனி ஆகாயம்தான் என்று 1920களிலேயே சொன்னவர். ஹவாயில் உள்ள அமெரிக்கக் கடற்படைத் தளமான பேர்ல் துறைமுகத்தை ஜப்பான் தாக்கும் என்று 17 வருடம் முன்பே அறிக்கை எழுதிக் கொடுத்தவர். அவரைப் போய் ராணுவ நீதிமன்றத்தில் நிறுத்தித் தண்டித்தார்கள். பின்னால் அவர் சொன்னதெல்லாம் பலித்தது. அப்படியானால் தண்டித்தவர்கள்தானே குற்றவாளிகள்? பட்டாளத்தில் இருந்தவர்கள் யாராவது சொல்லுங்கள்.

மே 3, இரவு 11.20

ராணுவத்தின் தகவல் தொடர்புப் பிரிவான சிக்னல்ஸில் 26 வருடம் இருந்துவிட்டு வந்தவன் நான். நேராகவே சொல்கிறேன் தம்பி, தண்டித்தது சரி.

கப்பல் பெரிதா விமானம் பெரிதா என்று அந்த நீதிமன்றம் கேட்கவே இல்லை. அவர்கள் ராணுவச் சட்டத்தின் 96ஆம் பிரிவில்தான் வழக்கு. ஒழுங்குக்குக் கேடாக, படைக்கு அவப்பெயர் வரும்படி நடந்துகொண்டார் என்பது குற்றச்சாட்டு. சீருடையில் இருந்துகொண்டே பத்திரிகைக்காரர்களைக் கூப்பிட்டு, போர்த் துறையும் கடற்படைத் துறையும் திறமையில்லாமல், குற்றமென்றே சொல்லத்தக்க அலட்சியத்தோடு, ஏறக்குறைய தேசத்துரோகமாக நாட்டின் பாதுகாப்பை நடத்துகிறார்கள் என்று அறிக்கை கொடுத்தார். கொடுத்தாரா இல்லையா? கொடுத்தார். அவரும் அதை மறுக்கவில்லை. நம்முடைய 1950ஆம் வருட ராணுவச் சட்டத்திலும் 63ஆம் பிரிவு இதே வேலையைச் செய்கிறது, ஏழு வருடம் வரை சிறை போட இடம் உண்டு. அனுமதியில்லாமல் பத்திரிகைக்குப் பேசக் கூடாது என்பதைப் பயிற்சி முகாமில் மீசை முளைக்காத வயதிலேயே மண்டையில் ஏற்றிவிடுவார்கள்.

ஜெனரலானாலும் சிப்பாயானாலும் சட்டம் ஒன்றுதான். வேலையை விட்டு நீக்கினார்கள், கதை முடிந்தது.

மே 4, காலை 6.10

ராத்திரி அவசரத்தில் இரண்டு தவறு எழுதிவிட்டேன். திருத்தி விடுகிறேன்.

ஒன்று, வழக்கு நடந்தபோது அவர் ஜெனரல் இல்லை. விமானப் பிரிவின் துணைத் தலைவராக இருந்த வரைக்கும் பிரிகேடியர் ஜெனரல். 1925 மார்ச்சில் அந்தப் பதவிக் காலம் முடிந்தபோது புதுப்பிக்காமல், பழைய கர்னல் தகுதிக்கே இறக்கி டெக்சாஸில் சான் அன்டோனியோவுக்கு மாற்றிவிட்டார்கள். பட்டாளத்தில் இருந்தவர்களுக்கு இது புரியும், திட்ட மாட்டார்கள், அடிக்க மாட்டார்கள், போஸ்டிங் போடுவார்கள்.

இரண்டு, அவரை நீக்கவில்லை. ஐந்து வருடத்துக்குப் பதவி, பொறுப்பு, சம்பளம் எல்லாம் நிறுத்திவைத்தார்கள். ஜனாதிபதி கூலிட்ஜ் தலையிட்டுப் பாதிச் சம்பளம் தரச் சொன்னார். மிட்செல்தான் 1926 பிப்ரவரி 1ஆம் தேதி தானாகவே விலகினார்.

மே 4, மதியம் 1.30

உச்சிப்புளிக்காரர் ஒருவர் கேட்டிருந்தார், "அண்ணே, ஓடுகிற கப்பலை விட்டுவிட்டு, நங்கூரம் போட்டுக் கிடந்த காலிக் கப்பலைக் குண்டு போட்டு மூழ்கடித்ததை ஒரு சாதனையாகச் சொல்கிறார்களே" என்று. நல்ல கேள்வி. அமெரிக்கக் கடற்படையும் இதைத்தான் சொன்னது.

நடந்தது 1921 ஜூலை, வர்ஜீனியா கரைக்கு வெளியே. முதல் உலகப் போரில் தோற்ற ஜெர்மனியிடமிருந்து வாங்கிய கப்பல்கள். முதலில் ஒரு டெஸ்ட்ராயர், அப்புறம் ஃபிராங்க்ஃபர்ட் என்ற குரூசர், கடைசியில் ஆஸ்ட்ஃபிரீஸ்லாந்து என்ற பெரிய போர்க்கப்பல். 1916இல் ஜட்லாண்ட் போரிலிருந்து திரும்பும் வழியில் கண்ணிவெடியில் மோதியும் மூழ்காமல் ஊர் போய்ச் சேர்ந்த கப்பல் அது. ஜூலை 20ஆம் தேதி சின்னக் குண்டுகள் போட்டார்கள், அசையவில்லை. 21ஆம் தேதி மதியம் மிட்செலின் ஆட்கள் 2,000 பவுண்டு குண்டுகளோடு வந்தார்கள். அரை மணி நேரத்துக்குள் கப்பல் கவிழ்ந்து போய்விட்டது.

இதில் நான் அதிகம் யோசித்தது வேறு விஷயம். குண்டைக் கப்பலின் மேல் போடுவதைவிடப் பக்கத்துத் தண்ணீரில் போடுவதைத்தான் அவர் விரும்பினார். நம் பக்கம் தோட்டா, அதாவது வெடி, போட்டு மீன் பிடிக்கும் களவுத்தொழில் இருந்ததே, அதைப் பார்த்தவர்களுக்கு இது விளக்காமலே புரியும். சின்ன வயதில் தோட்டா போட்ட பாறை மீன் ஒன்றை அம்மா அறுத்தபோது பக்கத்தில் இருந்தேன். வெளியே ஒரு கீறல் கிடையாது, செதில்கூடக் கலையவில்லை. வயிற்றைக் கிழித்தால் காற்றுப்பை வெடித்து, முதுகெலும்பை ஒட்டிக் கறுத்த ரத்தம் கட்டிக் கிடந்தது. அம்மா கையிலேயே அமுக்கிப் பார்த்துவிட்டு, "இது தோட்டா மீன், குழம்புக்கு வேண்டாம்" என்று ஒதுக்கிவைத்தாள். தண்ணீர் வாங்கிய அடியை அப்படியே உள்ளே கடத்திவிடும். எஃகுக் கவசம் எல்லாம் தண்ணீருக்கு மேலே இருப்பதைக் காப்பாற்றத்தான், அடிவயிற்றுத் தகடு அந்த அடியைத் தாங்காது. மிட்செலுக்கு இந்த விஷயம் தெரிந்திருந்தது, அதுதான் அவருடைய கெட்டிக்காரத்தனம்.

ஓடாத கப்பல் என்ற ஆட்சேபத்துக்குப் பதில் இருபது வருடம் கழித்து நம் பக்கத்துக் கடலிலேயே கிடைத்தது. 1941 டிசம்பர் 10, மலாயாவின் கிழக்குக் கரை. பிரின்ஸ் ஆஃப் வேல்ஸ், ரிபல்ஸ் என்ற இரண்டு பிரிட்டிஷ் கப்பல்கள். முழு வேகத்தில் ஓடிக்கொண்டு, பீரங்கிகளால் சுட்டுக்கொண்டே இருந்தவை. ஜப்பான் விமானங்கள் இரண்டையும் மூழ்கடித்தன, 800 பேருக்கு மேல் போய்விட்டார்கள். நம் ஜில்லாவிலிருந்து மலாயாவுக்கும் சிங்கப்பூருக்கும் போனவர்கள் வீட்டில் எல்லாம் "ஜப்பான்காரன் வந்த வருசம்" என்று ஒரு பேச்சு உண்டே, அந்த வருடம்தான். பெரிய கப்பல் இருக்கிறது, வெள்ளைக்காரன் பார்த்துக்கொள்வான் என்று நம்பிக் கடை திறந்து உட்கார்ந்திருந்தவர்கள் நம் ஆட்கள்.

மே 4, இரவு 10.00

எம்டன் பற்றி ஒருவர் கேட்டதற்கு: ஆமாம், 1914 செப்டம்பர் 22 இரவு சென்னையில் எண்ணெய்த் தொட்டிகளைச் சுட்டு எரித்த அதே ஜெர்மன் கப்பல். அதனால்தான் இன்றைக்கும் கெட்டிக்கார ஆளை "அவன் எம்டன்" என்கிறோம். மிட்செல் கதைக்கும் இதற்கும் நேர்ச் சம்பந்தம் இல்லை. ஆனால் ஒரு கப்பலின் பெயர் ஒரு மொழியில் சொல்லாகவே தங்கிவிட்டது என்றால் அந்தக் காலத்து மனுசர் மனதில் போர்க்கப்பல் எவ்வளவு பெரியதாக நின்றிருக்கும் என்று பாருங்கள். அதைப் போய் ஒரு விமானம் மூழ்கடிக்கும் என்று ஒருவர் சொன்னால் கடற்படை அட்மிரல்களுக்குக் கோபம் வராமல் என்ன செய்யும்.

மே 6, காலை 11.45

மீன்பிடித் தடைக்காலம். விசைப்படகெல்லாம் கரையில். மச்சினன் படகின் பலகை இடுக்குகளில் பஞ்சு அடிக்க ஓடாவி (படகுத் தச்சர்) வந்திருக்கிறார், பக்கத்தில் உட்கார்ந்துதான் இதை எழுதுகிறேன். உளி சத்தம் காதைத் துளைக்கிறது.

கேள்வி கேட்ட தம்பி, "எல்லாம் பலித்தது" என்று எழுதியிருந்தீர்கள். எல்லாம் பலிக்கவில்லை.

1924இல் அவர் கொடுத்த அறிக்கையில், ஜப்பான் ஒரு காலை 7.30க்கு பேர்ல் துறைமுகத்துக்குள் இருக்கும் ஃபோர்டு தீவைத் தாக்கும் என்று இருந்தது உண்மைதான். 1941 டிசம்பர் 7 அன்று குண்டு விழுந்தது 7.55க்கு. அதே நாளில் பிலிப்பைன்ஸும் தாக்கப்படும் என்று எழுதினார், அதுவும் நடந்தது. மயிர் சிலிர்க்கும். ஆனால் ஜப்பான்காரர்கள் தீவுகளைப் பிடித்து அங்கே தளம் போட்டு அங்கிருந்து பறந்து வருவார்கள் என்றுதான் அவர் கணக்குப் போட்டார். விமானந்தாங்கிக் கப்பலில் அவருக்கு நம்பிக்கையே கிடையாது. வந்ததோ ஆறு விமானந்தாங்கிக் கப்பல்களிலிருந்து. அதாவது, எந்தக் கடற்படையை அவர் பழையது என்று ஒதுக்கினாரோ அதே கடற்படை விமானத்தைத் தோளில் தூக்கிக்கொண்டு போய்விட்டது.

அவர் பெயரையே வைத்த பி-25 மிட்செல் குண்டுவீச்சு விமானம் 1942 ஏப்ரல் 18 அன்று டோக்கியோவைத் தாக்கியது, பதினாறு விமானங்கள். கிளம்பியது எங்கிருந்து? ஹார்னெட் என்ற விமானந்தாங்கிக் கப்பலின் மேல்தளத்திலிருந்து.

இங்கே உச்சிப்புளியில் ஐஎன்எஸ் பருந்து தளத்திலிருந்து கடலோரத்தைப் பார்க்கக் கிளம்புகிற விமானமும் கடற்படையுடையதுதான். வானத்தில் பறப்பது எல்லாம் ஒரே தனிப் படையின் கையில் இருக்க வேண்டும் என்பது மிட்செலின் வாதம். அதில் பாதி நடந்தது, அமெரிக்காவில் விமானப்படை 1947 செப்டம்பர் 18இல் தனிப் படையானது. மீதிப் பாதியை எந்தக் கடற்படையும் விட்டுக்கொடுக்கவில்லை. விட்டுக்கொடுக்காததும் நல்லதுதான். கடலின் மேல் பறக்கிறவனுக்குக் கடல் தெரிந்திருக்க வேண்டும்.

மே 6, இரவு 8.30

தொண்டிப் பக்கத்துத் தங்கை ஒருவர், "அவரைக் கொதிக்க வைத்தது எது என்று யாரும் சொல்லவில்லையே" என்று கேட்டார். நான்தான் சொல்லாமல் விட்டேன். 1925 செப்டம்பர் முதல் வாரத்தில் அடுத்தடுத்து இரண்டு சம்பவம்.

முதலாவது, கலிஃபோர்னியாவிலிருந்து ஹவாய்க்கு நிற்காமல் பறக்கக் கிளம்பிய கடற்படையின் கடல்விமானம் ஒன்று, எண்ணெய் தீர்ந்து நடுக்கடலில் இறங்கிவிட்டது. ஐந்து பேர். தேடினார்கள், கிடைக்கவில்லை. எல்லாரும் செத்துவிட்டார்கள் என்றே நினைத்தார்கள். ஆனால் அந்த ஐந்து பேரும், ஜான் ராட்ஜர்ஸ் என்ற தலைவரோடு, விமானத்தின் கீழ் இறக்கையின் துணியைக் கிழித்துப் பாய் கட்டி, சுமார் 450 மைல் பாய் ஓடி, ஒன்பதாவது நாள் காவாய் தீவுக்குப் பக்கம் வந்து சேர்ந்தார்கள். இதை இங்கே ஓடாவியிடம் சொன்னேன். உளியைக் கீழே வைத்துவிட்டு, "எந்தக் காத்து? சுக்கான் எதைப் பிடிச்சான்?" என்று கேட்டார். அப்புறம் அரை மணி நேரம் வேலை நடக்கவில்லை.

இரண்டாவது சம்பவம்தான் கொடுமை. ஷெனாண்டோவா என்ற ஆகாயக் கப்பல், வாயு நிரப்பி மிதக்கவிடுவது, 680 அடி நீளம், கடற்படையுடையது. மத்திய மாநிலங்களில் நடக்கிற பொருட்காட்சிகளுக்கு மேல் பறந்து ஜனங்களுக்குக் காட்டி வர அனுப்பினார்கள். செப்டம்பர் 3 விடியற்காலை ஓஹையோவில் புயல் காற்றில் சிக்கி உடைந்து விழுந்தது. 43 பேரில் 14 பேர் போய்விட்டார்கள். அதன் தலைவர் சக்கரி லான்ஸ்டவுன் அந்த ஓஹையோக்காரரே. அது இடிமின்னல் பருவம், பயணத்தைத் தள்ளிவையுங்கள் என்று மேலே எழுதியவர் அவர். காட்சித் தேதிகள் முடிவாகிவிட்டன என்று போகச் சொன்னார்கள். போனார். செத்தார்.

செப்டம்பர் 5ஆம் தேதி மிட்செல் பத்திரிகைக்காரர்களைக் கூப்பிட்டார். கடல்விமானத்து ஐந்து பேர் அப்போது பாய் ஓடிக்கொண்டிருந்தார்கள், அது கரையில் யாருக்கும் தெரியாது.

மே 6, இரவு 11.50

தூக்கம் வரவில்லை. மே 3 அன்று நான் எழுதியதைத் திரும்பப் படித்தேன். "கொடுத்தாரா இல்லையா? கொடுத்தார்" என்று முடித்துவிட்டேன். லான்ஸ்டவுன் பெயரை எழுதிய பிறகு அது அவ்வளவு சுலபமாகத் தெரியவில்லை.

மே 8, காலை 7.00

இதை எழுதலாமா வேண்டாமா என்று ஒரு நாள் முழுக்க யோசித்தேன். எழுதிவிடுகிறேன். எந்த யூனிட், எந்த வருடம் என்று கேட்காதீர்கள், சொல்ல மாட்டேன்.

மலையில் ஒரு இடம். ஆன்டெனா மாஸ்ட் ஒன்று, நாலு பக்கமும் ஸ்டே கம்பி, முளைகள் தரையில். மழைக்காலத்தில் மண் இளகி, இரண்டு முளை மேலே எழும்ப ஆரம்பித்தது. நான் அப்போது ஹவில்தார். லாக் புத்தகத்தில் எழுதினேன், மாஸ்டை இறக்கி வேறு இடத்தில் போட வேண்டும் என்று. பதில் இல்லை. மறுபடி எழுதினேன். மூன்றாவது தடவை எழுதிவிட்டு வாயாலும் சொன்னேன். திங்கட்கிழமை பெரிய ஆபீசர் ஆய்வுக்கு வருகிறார், அது முடிகிற வரைக்கும் மாஸ்ட் நிற்கட்டும் என்று உத்தரவு. "யெஸ் சார்" என்றேன். முளைக்கு மேல் கல்லை ஏற்றி வைத்தோம்.

ஞாயிற்றுக்கிழமை இரவு காற்று. கம்பியை இறுக்க ஓடிய பையன்களில் ஒருவன் மேல் மாஸ்ட் சாய்ந்தது. ஒடிசாக்காரப் பையன், வந்து நாலு மாதம்தான் ஆகியிருந்தது. விசாரணையில் லாக் புத்தகத்தைப் புரட்டிப் பார்த்தார்கள், என் கையெழுத்து மூன்று இடத்தில் இருந்தது, என் மேல் தப்பில்லை என்று எழுதி முடித்தார்கள். அந்தப் பையனுக்கு இடது கை அப்புறம் நேராக நீளவே இல்லை. சோற்றுத் தட்டை அந்தக் கையால் பிடிக்க முடியாமல் முழங்காலில் வைத்துச் சாப்பிடுவான்.

லான்ஸ்டவுனும் முறைப்படி எழுதினார், உத்தரவு வந்ததும் போனார். நானும் அதைத்தான் செய்தேன். இப்போது அந்தப் பையனைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு "மேலிடத்துக்கு எழுது, வெளியே பேசாதே" என்று எனக்குச் சொல்ல வாய் வருமா என்று தெரியவில்லை.

மே 8, மாலை 5.20

பரமக்குடி நண்பர் எழுதியது நியாயம்: ஆளாளுக்குப் பத்திரிகையைக் கூப்பிட்டால் அப்புறம் ராணுவம் எதற்கு. ஒத்துக்கொள்கிறேன். தீர்ப்பு சட்டப்படி சரி என்பதிலிருந்து நான் இன்னும் நகரவில்லை. ஆனால் அந்த நீதிமன்றத்தில் நடந்ததைச் சும்மா சட்டக் கணக்காகப் பார்க்கக் கூடாது.

1925 அக்டோபர் 28 முதல் டிசம்பர் 17 வரை, ஏழு வாரம். அறிக்கை கொடுத்ததை ஒத்துக்கொண்டு, அதில் சொன்னதெல்லாம் நிஜம் என்று நிரூபிக்கத்தான் அவர் பக்கம் முயன்றது. வாதாடியவர் ஃபிராங்க் ரீட், அமெரிக்க நாடாளுமன்றமான காங்கிரஸின் உறுப்பினர். சாட்சிக்கு வந்தவர்களில் ஹாப் அர்னால்டு, கார்ல் ஸ்பாட்ஸ் இருந்தார்கள். இருவரும் அப்போது மேஜர்கள், வேலை போனாலும் போகட்டும் என்று வந்து சொன்னார்கள். பின்னால் இரண்டாம் உலகப் போரில் அமெரிக்க ராணுவ விமானப் படைகளையே நடத்தியவர் அர்னால்டு. தனிப் படையானபோது அதன் முதல் தளபதி ஸ்பாட்ஸ்.

லான்ஸ்டவுனின் மனைவி மார்கரெட்டும் வந்தார். ஷெனாண்டோவா விபத்து பற்றிக் கடற்படை நடத்திய விசாரணையில் இன்ன மாதிரி சொல்லுங்கள் என்று தன்னிடம் ஒரு அதிகாரி மாற்றிச் சொல்லச் சொன்னதாக அந்த அம்மா சாட்சி சொன்னார். புருஷன் செத்து மூன்று மாதம்கூட ஆகவில்லை. இந்த ஒரு சாட்சியை நான் திரும்பத் திரும்ப நினைக்கிறேன். லாக் புத்தகத்தில் எழுதியிருப்பதால் உண்மை தானாக மேலே வந்துவிடும் என்று நினைத்துக்கொண்டிருந்தவன் நான். எனக்கு அப்படி வந்தது அதிர்ஷ்டம்.

மே 8, மாலை 5.45

சொல்ல மறந்தேன், நீதிபதி வரிசையில் டக்ளஸ் மக்ஆர்தர் இருந்தார். மிட்செலும் அவரும் மில்வாக்கி ஊர்ப் பழக்கம். 1951இல் கொரியப் போரின்போது ஜனாதிபதி ட்ரூமனின் கொள்கைக்கு எதிராக வெளியே பேசினார் என்று அவரையும் பதவியிலிருந்து எடுத்துவிட்டார்கள்.

மே 11, இரவு 9.15

சிக்னல்ஸ்காரன் என்பதால் இவர் மேல் எனக்குத் தனிப் பாசம் உண்டு, அதையும் சொல்லிவிடுகிறேன், நான் நடுநிலை என்று யாரும் நினைக்க வேண்டாம். மிட்செலும் சிக்னல்ஸில்தான் வளர்ந்தார். 1901இல் அலாஸ்காவில் தந்திக் கம்பி இழுக்கப் போனார். கோடையில் சகதியில் கழுதை புதைகிறது என்று எல்லாரும் வேலை நகராமல் கிடந்தார்கள். பனி இறுகிய பிறகு சாமானை நாய் வண்டியில் இழுப்பது சுலபம் என்று கண்டுபிடித்து, குளிர்காலம் முழுக்கச் சாமான் ஏற்றி வைத்துக்கொண்டு, கோடை வந்ததும் கம்பத்தை நட்டார். குளிர்காலத்தில் வேலையே செய்ய முடியாது என்பதுதான் அதுவரை அங்கே வழக்கமான பேச்சு. 36 வயதில் சொந்தக் காசு போட்டு விமானம் ஓட்டக் கற்றார். 1918 செப்டம்பரில் பிரான்ஸில் சான் மியேல் சண்டையில் ஏறக்குறைய 1,500 விமானங்களை ஒரே ஆளாக நடத்தினார். கண்ணால் பார்த்தவர், கையால் செய்தவர். அலுவலகத்தில் உட்கார்ந்து சண்டை போட்டவர் இல்லை.

மே 14, காலை 10.30

"இப்படிப் பேசுகிறீர்களே, உங்கள் ஊரில் ஒருத்தன் இப்படிச் செய்தால் விடுவீர்களா" என்று ஒருவர் கேட்டார். விடவில்லை. எங்கள் அப்பாவுக்கே நடந்தது.

மண்டபத்துக்கும் தொண்டிக்கும் நடுவில் ஒரு ஊர், அதற்கு மேல் வேண்டாம். அப்பா வல்லத்தில் தொழில் செய்தவர். வடகடலையும் (பாக் நீரிணைப் பக்கம்) தெரியும், தென்கடலையும் (மன்னார் வளைகுடாப் பக்கம்) தெரியும். 1997இல் ரெட்டைமடி போட்டவர்களோடு ஊர்க் கூட்டத்தில் சண்டை. இரண்டு படகு ஒரு மடியை இழுத்துக்கொண்டு போனால் தரையில் ஒன்றும் மிஞ்சாது, குஞ்சு குளுவான் எல்லாம் சங்காயமாகி (கழிவு மீனாகி) உலரப் போடத்தான் ஆகும், பத்து வருடத்தில் நண்டுகூட இருக்காது என்றார். ஊரில் பெரிய படகு வைத்திருந்த சம்மாட்டிகள் பேச்சுதான் எடுபட்டது. இரண்டு கூட்டத்தில் சொன்னார், மூன்றாவதில் "உட்காருய்யா" என்றார்கள்.

அடுத்த மாதம் மேலிடத்து அதிகாரி ஒருவர் கரைக்கு வந்தார், பந்தல் போட்டு மீனவர் குறை கேட்டார்கள். அப்பா எழுந்து எல்லார் முன்னாலும், எங்கள் ஊர்த் தலைவர்கள் கடலை விற்றுத் தின்கிறார்கள் என்று சொல்லிவிட்டார். அன்று இரவே ஊர் கூடியது. ஊர் விஷயத்தை வெளி ஆள் முன்னால் பேசியது, தலைவரைத் திருடன் என்றது, இரண்டு குற்றம். 5,001 ரூபாய் அபராதம், ஆறு மாதம் ஊர் விலக்கு. யாரும் தொழிலுக்குக் கூட்டிப் போகக் கூடாது, வீட்டு நல்லது கெட்டதுக்கு வரக் கூடாது. நான் லீவில் வந்திருந்தேன். என் சம்பளத்திலிருந்துதான் அந்த 5,001 போனது.

அன்று நான் அப்பாவிடம் என்ன சொன்னேன் என்றால், "ஊர்க் கட்டுப்பாடுன்னா கட்டுப்பாடுதான்ப்பா, நீங்க வெளியில பேசியிருக்கக் கூடாது." சீருடை போட்ட புதுசு. அவர் ஒன்றும் சொல்லாமல் கிழிந்த வலையைப் பொத்திக்கொண்டிருந்தார்.

மே 14, மதியம் 2.10

மேலே எழுதியதில் ஒரு விளக்கம். சம்மாட்டிகளைக் கெட்டவர்கள் என்று நான் சொல்லவில்லை. கடன் வாங்கி எஞ்சின் போட்டவர்கள். மிட்செலை எதிர்த்த அட்மிரல்களும் முட்டாள்கள் இல்லை. ஒரு போர்க்கப்பல் கட்டப் பல வருடம் ஆகும், அதில் போட்ட பணம், அதை ஓட்டக் கற்ற ஆட்கள், அவர்களின் பதவி உயர்வு எல்லாம் அதற்குள் இருக்கிறது. தான் வாழ்நாள் முழுக்கக் கற்ற தொழில் செல்லாது என்று ஒருவன் வந்து சொன்னால் எவருக்கும் முதலில் காது அடைக்கும். அதற்காகத்தான் கொஞ்சம் பொறுமையாகப் பேசியிருக்கலாம் என்று மிட்செல் மேல் எனக்கு ஒரு குறை. "ஏறக்குறைய தேசத்துரோகம்" என்ற சொல் வேண்டியதே இல்லை. அந்த ஒரு சொல்லை விட்டிருந்தால் வழக்கு பாதி ஆட்டம் கண்டிருக்கும்.

மே 15, இரவு 10.40

இன்று அப்பாவிடம் பேசினேன். 84 வயது. காது கொஞ்சம் மந்தம், மற்றபடி தெளிவு. மிட்செல் கதையை முதலிலிருந்து சொன்னேன், கப்பல், ஆகாயக் கப்பல், பாய் கட்டிய விமானம், நீதிமன்றம், எல்லாம். பாய் ஓடியதை மட்டும் இரண்டு தடவை சொல்லச் சொன்னார்.

அப்புறம் கேட்டேன், அன்றைக்குக் "கடலை விற்றுத் தின்கிறார்கள்" என்ற வார்த்தையை விட்டுவிட்டு மற்றதை மட்டும் சொல்லியிருந்தால் அபராதம் வந்திருக்காது இல்லையா என்று. உடனே பதில் வந்தது. "அதைச் சொல்ற வரைக்கும் அந்த ஐயா குனிஞ்சு எழுதிக்கிட்டே இருந்தார். அதுக்கு அப்புறம்தான் நிமிர்ந்து பார்த்தார்."

நேற்று மதியம் நான் எழுதியதை அழிக்கவில்லை. அப்படியே இருக்கட்டும். இரண்டையும் சேர்த்துப் படியுங்கள்.

மே 15, இரவு 11.05

அப்பா கேட்ட ஒரு கேள்வியை விட்டுவிட்டேன். "அவருக்கு அபராதத்தைத் திருப்பிக் கொடுத்தாங்களா?"

1936 பிப்ரவரியில் மிட்செல் இறந்துவிட்டார், 56 வயது, பேர்ல் துறைமுகத்தைப் பார்க்கவில்லை. 1946இல் அமெரிக்கக் காங்கிரஸ் அவருக்காக ஒரு தனிப் பதக்கம் அறிவித்தது. தீர்ப்பை ரத்து செய்யச் சொல்லி 1950களின் கடைசியில் அவர் மகன் கேட்டபோது விமானப்படைச் செயலரே மறுத்துவிட்டார். மிட்செல் கேட்டபடி உருவான அதே விமானப்படை. அவர் கருத்து சரியாக இருக்கலாம், செய்த முறை தவறுதான் என்பது அவர்கள் நிலை. பதக்கமும் இருக்கிறது, தீர்ப்பும் இருக்கிறது.

அப்பாவுக்கும் 5,001 திரும்பி வரவில்லை. ரெட்டைமடிக்குத் தடை வந்தது, தடையை மீறி இன்றைக்கும் போடுகிறவர்கள் இருக்கிறார்கள் என்பது நம் எல்லாருக்கும் தெரியும். அன்று அபராதம் போட்ட கூட்டத்தில் உட்கார்ந்திருந்த ஒரு சம்மாட்டியின் மகன் போன வருடம் எங்கள் வீட்டுக்கு வந்து, ரெட்டைமடிக்கு எதிராக மனு ஒன்று எழுதியிருக்கிறோம், பெரியவர் முதல் கையெழுத்துப் போட வேண்டும் என்று கேட்டார். அப்பா கண்ணாடி தேடி எடுத்து, மனுவை ஒரு வரி விடாமல் படிக்கச் சொல்லிக் கேட்டுவிட்டுத்தான் போட்டார்.

மே 16, காலை 6.30

கீழக்கரைத் தம்பிக்கு: உங்கள் கேள்விக்கு என் பதில் இப்போது இப்படி இருக்கிறது. மிட்செல் செய்தது குற்றம்தான், தண்டனையும் சட்டப்படிதான். ஆனால் லான்ஸ்டவுன் எழுதிய கடிதத்தை வாங்கி வைத்துக்கொண்டு காட்சிக்குத் தேதி குறித்தவர்களை ஏழு வாரம் யாரும் நிறுத்திக் கேள்வி கேட்கவில்லை. அந்த வழக்கு நடக்கவே இல்லை. எனக்கு இருக்கிற வருத்தம் அதுதான்.

ஓடாவி வந்துவிட்டார். இன்று அடிப்பலகை மாற்ற வேண்டும்.